இரு எண்களும் ஒரு புள்ளியும்

வரைபுத் தாள் ஒன்றை எடுத்து, குறுக்கே ஒரு கோடும் நெடுக்கே ஒரு கோடும் கீறி, இரண்டும் வெட்டும் இடத்தில் பூச்சியம் என்று எழுதி, (3, 4) என்னும் புள்ளியைக் குறிக்காமல் பாடசாலையை விட்டு வெளியேறும் மாணவர் இன்று எமது நாட்டில் மிகச் சிலரே. வலப்பக்கம் மூன்று பெட்டி, மேலே நான்கு பெட்டி, பென்சிலால் ஒரு குற்று, வேலை முடிந்தது. இத்துணை எளிய செயல் மனித குலத்துக்கு முழுமையாகக் கைவருவதற்கு ஏறக்குறைய இரண்டாயிரம் ஆண்டுகள் சென்றன என்றால் நம்புவது கடினம். ஆயினும் வரலாறு அவ்வாறே கூறுகின்றது.

இவ்வரலாற்றை எழுத நாம் துணிந்ததற்கு வேறொரு காரணமும் உண்டு. நாம் கற்ற பாடநூல்களில் இத்தளத்துக்குத் தெக்காட்டின் தளம் என்று பெயர். தெக்காட்டு என்னும் பிரெஞ்சு அறிஞரின் பெயரைத் தவிர வேறு பெயர் அங்கே காணப்படுவதில்லை. அதனைப் படித்து வெளிவருவோர், கணிதம் முழுவதும் மேனாட்டார் இட்ட பிச்சை என எண்ணிவிடுகின்றனர். மறுபுறத்தில், சமய மேடைகளில் பேசும் பெரியோர் சிலர், மேனாட்டார் கண்டவை யாவும் எமது சாத்திரங்களில் முன்னரே உள்ளன என்று முழங்குகின்றனர். முன்னைய கூற்று எம்மைக் கூனச் செய்கின்றது. பின்னைய கூற்று எம்மைத் தூங்கச் செய்கின்றது. உண்மை எங்கே இருக்கின்றது என்பதை இந்தச் சிறு புள்ளியைக் கொண்டே ஆராய்வோம்.

சோடியும் அதன் வரிசையும்

முதலிற் சொற்களைத் தெளிவாக்கிக் கொள்வோம். குறுக்கே செல்லும் கோடு கிடையச்சு. மேலும் கீழும் செல்லும் கோடு நிலையச்சு. இரண்டும் வெட்டும் இடம் உற்பத்தி. ஒரு புள்ளியைக் குறிக்கும் இரண்டு எண்களும் அதன் ஆள்கூறுகள். முதலெண் உற்பத்தியிலிருந்து வலப்பக்கமாக எவ்வளவு என்பதையும், இரண்டாம் எண் மேலே எவ்வளவு என்பதையும் சொல்லும். இடப்பக்கமும் கீழ்ப்பக்கமும் மறையெண்களால் குறிக்கப்படும். இவ்வாறு தளம் நான்கு கால்வட்டங்களாகப் பிரியும்.

இதற்கு உதாரணம் தேடி நாம் தூரம் போகவேண்டியதில்லை. இலங்கையின் நில அளவைப் படங்களுக்கு உற்பத்தியாகக் கொள்ளப்பட்ட இடம் பீதுருதாலகால மலையாகும். அம்மலையில் நின்று கிழக்கை நேராகவும் மேற்கை மறையாகவும், வடக்கை நேராகவும் தெற்கை மறையாகவும் கொண்டு கிலோமீற்றரில் அளந்தால், ஏறக்குறைய மட்டக்களப்பு (103, 79) ஆகும். யாழ்ப்பாணம் (−84, 295) ஆகும். காலி (−61, −107) ஆகும். அம்பாந்தோட்டை (39, −97) ஆகும். நான்கு நகரங்கள் நான்கு கால்வட்டங்களில் அமைந்திருப்பதைக் காண்க.

இனி, யாழ்ப்பாணத்தின் இரண்டு எண்களையும் இடம் மாற்றி எழுதுவோம். (295, −84) என்று வரும். அது மலைக்குக் கிழக்கே 295 கிலோமீற்றரும் தெற்கே 84 கிலோமீற்றரும் கொண்ட இடம். கரையைத் தாண்டி நடுக்கடலில் அது விழும். எண்கள் அவையே, வரிசை மாத்திரமே மாறியது, ஒரு நகரம் கடலுள் மூழ்கிப்போயிற்று. ஆதலினாற்றான் இதனை வெறுஞ் சோடி என்னாது வரிசைப்பட்ட சோடி என்கின்றோம். ஐந்து வாழைப்பழமும் மூன்று தேங்காயும் வாங்கிவரச் சொன்னால், எதனை முதலில் வாங்கினாலும் பை ஒன்றே. ஆள்கூறு அவ்வாறன்று. எது முதல், எது இரண்டாவது என்ற ஒழுங்கில்லாத இடத்தில் அவ்வெண்களுக்குப் பொருளே இல்லை.

ஆகவே ஆள்கூற்றுத் தளம் உருவாவதற்கு நான்கு பொருள்கள் வேண்டும். ஓர் இடத்தை இரண்டு எண்களாற் சொல்லலாம் என்ற எண்ணம் ஒன்று. எல்லாரும் ஒப்புக்கொண்ட ஓர் உற்பத்தி இரண்டாவது. எதிர்த் திசையைக் குறிக்கும் மறையெண் மூன்றாவது. ஒரு சமன்பாட்டை ஒரு கோடாகக் காணும் கண் நான்காவது. இவை நான்கும் ஒரே நாட்டில், ஒரே காலத்தில், ஒருவருடைய மூளையிலே தோன்றவில்லை.

வானமும் பூமியும்

இடத்தை இரண்டு எண்களாற் சொல்லும் வழக்கம் வானசாத்திரத்திலும் பூமிசாத்திரத்திலும் முதலில் வளர்ந்தது. கி.மு. 2 ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த கிப்பார்க்கசு என்னும் கிரேக்கர், ஊர்களின் இடங்களை வானத்தை நோக்கி அளந்து குறிக்கவேண்டும் என்று வற்புறுத்தினார். கி.பி. 150 ஆம் ஆண்டளவில் அலெக்சாந்திரியா நகரில் வாழ்ந்த தொலமி, தாம் எழுதிய பூமிசாத்திர நூலில் ஏறக்குறைய 8000 இடங்களுக்கு நெட்டாங்கும் அகலாங்கும் கொடுத்தார். அகலாங்கை மத்திய கோட்டிலிருந்து எண்ணினார். நெட்டாங்கை, அன்று அறியப்பட்ட உலகின் மேற்கெல்லையாகிய, இன்று கனேரித் தீவுகள் எனப்படும் தீவுகளிலிருந்து எண்ணினார்.

அந்நூலில் எமது இலங்கையும் தப்பிரபேன் என்ற பெயரோடு வருகின்றது. அனுராதபுரம் போன்ற இடங்களுக்கும் அங்கே எண்கள் உண்டு. ஆனால் தொலமி வரைந்த இலங்கை உண்மை இலங்கையினும் பன்மடங்கு பெரிது; அதன் தென்பகுதி மத்திய கோட்டையும் தாண்டிச் செல்கின்றது. மாலுமிகளும் வணிகரும் சொன்னவற்றைக் கேட்டே அவர் எழுதினார். எண்கள் பிழைத்தன, முறை பிழைக்கவில்லை. பிழையான எண்ணை எடுத்துவிட்டுச் சரியான எண்ணை இட்டால் படம் தானே திருந்தும். இதுவே எண்ணாற் சொல்லும் முறையின் பெருஞ்சிறப்பு. கதையாகச் சொல்லப்பட்ட செய்தியை அவ்வாறு திருத்த முடியாது.

பாரத நாட்டு வானசாத்திரிகளும் இதற்கு இணையான ஒரு முறையை வைத்திருந்தனர். மத்திய கோட்டிலிருந்து ஓர் ஊர் எவ்வளவு வடக்கே உள்ளது என்பதை அட்சம் என்றும், ஒரு குறித்த நெடுங்கோட்டிலிருந்து எவ்வளவு கிழக்கு மேற்காக உள்ளது என்பதைத் தேசாந்தரம் என்றும் வழங்கினர். எமது பஞ்சாங்க கணிதர் தேசாந்தரத் திருத்தம் என்று கூறுவது இதனையே. அவர்களுடைய முதல் நெடுங்கோடு உச்சயினி நகர் வழியாகச் செல்வது. அக்கோடு மத்திய கோட்டை வெட்டும் இடத்துக்கு அவர்கள் இட்ட பெயர் யாது? இலங்கை! கி.பி. 499 ஆம் ஆண்டோடு தொடர்புடைய ஆரியபட்டரின் நூலிலும், சூரிய சித்தாந்தத்திலும் இந்த இலங்கை வருகின்றது. இன்றைய வரைபுத் தாளின் மொழியிற் சொன்னால், பாரத வானசாத்திரத்தின் உற்பத்தி இலங்கையே.

இதனைக் கேட்டு மார்பு தட்டுமுன் ஒன்றை மறவாதிருத்தல் வேண்டும். உச்சயினி ஏறக்குறைய 76 பாகை கிழக்கு நெட்டாங்கில் உள்ளது. எமது தீவோ ஏறக்குறைய 80 பாகைக்கும் 82 பாகைக்கும் இடையில், மத்திய கோட்டுக்கு 6 பாகை வடக்கே தொடங்குகின்றது. சாத்திரிகள் சொன்ன இலங்கை இந்து சமுத்திரத்தின் நடுவில் விழும். அது கணக்குக்காகக் கொள்ளப்பட்ட ஒரு புள்ளி; நாம் வாழும் மண் அன்று. ஆயினும் அதில் இழுக்கொன்றும் இல்லை. உற்பத்தி என்பது ஒரு உடன்படிக்கை. அங்கே மனிதர் குடியிருக்கவேண்டும் என்ற கட்டாயம் இல்லை. 1884 ஆம் ஆண்டில் வாசிங்டன் நகரிற் கூடிய நாடுகள் இலண்டனை அடுத்த கிறீனிச்சை முதல் நெடுங்கோடாக ஏற்றதும் ஓர் உடன்படிக்கையே.

வளைகோடுகளின் இரகசியம்

பூமியில் ஓர் ஊரைக் குறிப்பது வேறு; ஒரு வளைகோட்டின் இயல்பை எண்ணாற் சொல்வது வேறு. பின்னையது கேத்திரகணிதக்காரரின் முயற்சி. கி.மு. 3 ஆம் நூற்றாண்டின் இறுதியில் வாழ்ந்த அப்பலோனியசு என்னும் கிரேக்கர், கூம்பை வெட்டும்போது தோன்றும் பரவளைவு, நீள்வளையம், அதிபரவளைவு ஆகியவற்றை எட்டு நூல்களில் ஆராய்ந்தார். அவற்றுள் நான்கு கிரேக்க மொழியிலும் மூன்று அரபு மொழிபெயர்ப்பிலும் எஞ்சியுள்ளன, எட்டாவது அழிந்துவிட்டது. வளைகோட்டின் ஒரு புள்ளியிலிருந்து ஒரு விட்டத்துக்குக் கோடு வரைந்து, அக்கோட்டுக்கும் விட்டத்தின் வெட்டுத்துண்டுக்கும் உள்ள தொடர்பை அவர் கூறினார். இன்றைய ஆள்கூறுகளுக்கு இது மிக அணித்தானது. ஆனால் அவருக்கு வளைகோடு முன்னே வந்தது. அளவுக்கோடுகள் அதன் பின்னே வந்தன. அச்சுக்களை முதலில் வைத்து, அவற்றின்மேல் எந்த வளைகோட்டையும் எழுப்பலாம் என்பது அவருக்குத் தோன்றவில்லை. அதற்கு வேண்டிய அட்சரகணிதமும் அவர் காலத்தில் இல்லை.

அக்குறையை நீக்கும் பணி கீழ்நாட்டிலே தொடங்கிற்று. பாரத நாட்டின் பத்து இலக்க முறையைக் கற்ற அல் குவாரிசுமி என்னும் அறிஞர், 9 ஆம் நூற்றாண்டில் பகுதாது நகரிலிருந்து அட்சரகணிதத்துக்குப் பெயர் தந்த நூலை எழுதினார். 1048 முதல் 1131 வரை வாழ்ந்த பாரசீகராகிய உமார் கயாம், கவிஞராகவே பலராலும் அறியப்படுபவர். முப்படிச் சமன்பாடுகளைக் கூம்பு வளைவுகள் வெட்டும் இடங்களைக் கொண்டு தீர்த்தவரும் அவரே. எண்ணும் உருவமும் ஒன்றையொன்று நெருங்கத் தொடங்கின.

14 ஆம் நூற்றாண்டில் பிரான்சு நாட்டுக் குருவாகிய நிக்கோல் ஒரேசிம் மற்றொரு படி ஏறினார். ஓடும் பொருளொன்றின் காலத்தைக் கிடைக்கோட்டிலும், ஒவ்வொரு கணத்திலும் அதன் வேகத்தை நிமிர்ந்த கோடுகளாகவும் அவர் வரைந்தார். வேகம் ஒரு சீராகக் கூடினால் அக்கோடுகளின் நுனிகள் சேர்ந்து முக்கோணம் ஆகும். அம்முக்கோணத்தின் பரப்பே சென்ற தூரம். கண்ணுக்குப் புலப்படாத வேகத்தைக் கண்ணாற் காணும்படி செய்த இவ்வறிஞர் 1382 ஆம் ஆண்டில் இறந்தார். கலிலியோ 1638 ஆம் ஆண்டில் வெளியிட்ட நூலில் இத்தகைய முக்கோணத்தை மீண்டும் காண்கின்றோம். ஒரேசிமிடம் படம் இருந்தது, சமன்பாடு இல்லை.

கடன் என்னும் எண்

இப்பொழுது மறையெண்ணுக்கு வருவோம். அது இல்லையெனில் மேலே சொன்ன நான்கு நகரங்களுள் மட்டக்களப்பு ஒன்றே படத்தில் நிற்கும். மற்றை மூன்றுக்கும் இடமில்லை.

மறையெண்ணைக் கணக்கில் முறையாகக் கையாளும் விதிகளைத் தெளிவுற வகுத்தவர் பிரமகுப்தர். அவர் 628 ஆம் ஆண்டில் இயற்றிய பிரமஸ்புட சித்தாந்தத்தில், நேரெண்ணைத் தனம் என்றும் மறையெண்ணைக் கடன் எனப் பொருள்படும் ருணம் என்றும் வழங்கினார். கடனும் கடனும் கூடக் கடன். தனத்தைக் கடனாற் பெருக்கக் கடன். கடனைக் கடனாற் பெருக்கத் தனம். பூச்சியத்தையும் ஓர் எண்ணாகக் கொண்டு அதற்கும் விதி சொன்னார். கிரேக்கர் இவ்வெண்களை ஏற்கவில்லை. அல் குவாரிசுமியும் தம் சமன்பாடுகளில் மறைவிடையை விலக்கியே சென்றார்.

கடன் என்பது செல்வத்தின் கணக்கு. அது எப்பொழுது திசையாயிற்று? இக்கேள்விக்கு விடை தரும் ஒரு கணக்கு பாஸ்கராசாரியரின் லீலாவதியில் உண்டு. அந்நூல் 1150 ஆம் ஆண்டில், அவருடைய 36 ஆம் வயதில் முடிந்த சித்தாந்த சிரோமணியின் ஒரு பகுதி. கணக்கு இது: ஒரு முக்கோணத்தின் அடி 9, மற்றை இரு பக்கங்கள் 10, 17. உச்சியிலிருந்து அடிக்குச் செங்குத்து வீழ்த்தினால் அடி எவ்வாறு இரு துண்டுகளாகப் பிரியும்?

வாசகர் பென்சிலை எடுத்துத் தாமே செய்து பார்க்கலாம். 17 இன் வர்க்கம் 289. 10 இன் வர்க்கம் 100. வித்தியாசம் 189. அதனை அடியாகிய 9 ஆல் வகுக்க 21 வரும். 9 உம் 21 உம் கூட்டிப் பாதியாக்க 15. 9 இலிருந்து 21 ஐக் கழித்துப் பாதியாக்க −6. துண்டுகள் 15 உம் −6 உம் ஆகும். ஒரு கோட்டின் துண்டு பூச்சியத்தினும் குறைவாக இருப்பதெப்படி? மற்றொருவராயின் கணக்குப் பிழை என்று தாளைக் கிழித்திருப்பார். பாஸ்கராசாரியரோ, இம்மறையைத் திசை மாறியதாகக் கொள்க என்று கூறினார். அதாவது, செங்குத்து அடியினுள்ளே விழவில்லை. சிறிய பக்கம் உள்ள முனைக்கு அப்பால், 6 அலகு வெளியே விழுகின்றது. அவ்வாறு கொண்டால் செங்குத்தின் உயரம் 8. ஒரு பக்கம் 6, 8, 10 என்ற செங்கோண முக்கோணம். மறுபக்கம் 8, 15, 17 என்ற செங்கோண முக்கோணம். கணக்கு அணுவளவும் பிசகவில்லை.

கோட்டின்மேல் ஒரு முனையை உற்பத்தியாகவும், ஒரு பக்கத்தை நேராகவும் மறுபக்கத்தை மறையாகவும் கொள்ளும் எண்ணம் இங்கே தெளிவாக நிற்கின்றது. இதில் நாம் பெருமை கொள்ளலாம், நியாயமான பெருமை. ஆயின் பாஸ்கராசாரியர் ஆள்கூற்றுத் தளத்தைக் கண்டார் என்று சொன்னால் அது பொய். அவர் குறுக்கே இரண்டாவது அச்சொன்றை வைக்கவில்லை. சமன்பாட்டை வளைகோடாக வரையவில்லை. தம் முன் நின்ற கணக்குக்கு நேர்மையான விடை சொன்னார். அதுவே அவர் பெருமை. அதற்கு மேல் நாம் சூட்டும் முடி அவர் தலைக்குப் பொருந்தாது.

1637

இப்பொழுது பாடநூல்கள் புகழும் தெக்காட்டைச் சந்திப்போம். 1596 ஆம் ஆண்டில் பிரான்சில் பிறந்த இவர், இயேசு சபைக் குருமார் லா பிளேசு என்னுமிடத்தில் நடாத்திய கல்லூரியிற் பயின்றவர். மிஷன் பாடசாலை வாங்குகளிலிருந்து படித்த எம் போன்றோருக்கு இச்செய்தி சிறிது நெருக்கத்தைத் தருகின்றது. குருமார் கற்பித்ததைப் பணிவோடு கற்று, பின்னர் அதில் ஒவ்வொன்றையும் தம் அறிவாலே சோதித்துப் பார்த்தவர் அவர். கட்டிலிற் படுத்துக்கொண்டு முகட்டில் ஊர்ந்த ஈயைப் பார்த்து ஆள்கூறுகளைக் கண்டார் என்று ஒரு கதை வழங்குகின்றது. அவர் எழுதிய நூலில் ஈயும் இல்லை, முகடும் இல்லை. பப்பசு என்னும் பண்டைக் கிரேக்கர் விட்டுச்சென்ற ஒரு கேத்திரகணித வினாவோடு மல்லாடியபோதே அவருக்கு வழி பிறந்தது.

1637 ஆம் ஆண்டில் ஒல்லாந்தின் லைடன் நகரில், தம் பெயரையும் இடாமல், அறிவை நடத்தும் முறை பற்றி ஒரு நூலை அவர் வெளியிட்டார். அதன் பிற்சேர்க்கை மூன்றனுள் ஒன்று கேத்திரகணிதம். தெரிந்த கணியங்களுக்கு அரிச்சுவடியின் முதல் எழுத்துக்களையும், தெரியாதவற்றுக்கு எக்ஸ், வை, செட் என்ற இறுதி எழுத்துக்களையும் இடும் வழக்கத்தை நிலைநாட்டியது அந்நூலே. அதிலும் முக்கியமானது வேறொன்று. அதற்கு முன்னர், ஒரு நீளத்தை அதே நீளத்தாற் பெருக்கினால் சதுரம், மீண்டும் பெருக்கினால் கனம், அதன் மேல் உருவமில்லை என்றே கொண்டனர். தெக்காட்டு ஒரு கோட்டை ஒன்று என்னும் அலகாக வைத்து, இரு நீளங்களைப் பெருக்கி வருவதையும் ஒரு நீளமாகவே வரைந்து காட்டினார். உடனே எத்தனை படியுள்ள சமன்பாடும் கோடாகும் தகுதி பெற்றது. மூடிக்கிடந்த கதவு இவ்வாறு திறந்தது.

அதே ஆண்டுகளில், துலூசு நகர் நீதிமன்றத்தில் அதிகாரியாயிருந்த பெர்மா என்பவரும் தனியே இம்முறையைக் கண்டுவிட்டார். தெரியாத கணியங்கள் இரண்டு உள்ள ஒரு சமன்பாடு ஒரு கோட்டைத் தரும் என்று அவர் திட்டமாகக் கூறினார். முதற்படிச் சமன்பாடு நேர்கோடு. இரண்டாம்படியாயின் வட்டமும் கூம்பு வளைவுகளும். ஆனால் அவருடைய கட்டுரை கையெழுத்துப் பிரதியாகவே அறிஞரிடையே உலாவியது. அவர் இறந்தது 1665 இல். கட்டுரை அச்சேறியது 1679 இல். அச்சேறாத அறிவுக்குப் பெயர் இல்லை. தளத்துக்குப் பெர்மாவின் பெயர் வாராமற் போனமைக்கு இது ஒரு காரணம்.

ஓர் எளிய சமன்பாட்டைக் கொண்டு இவர்கள் கண்ட புதுமையை விளக்குவோம். கிடைத்தூரத்தின் வர்க்கமும் நிலைத்தூரத்தின் வர்க்கமும் சேர்ந்து 25 ஆகவேண்டும் என்க. (3, 4) பொருந்தும். 9 உம் 16 உம் 25. (4, 3) பொருந்தும். (5, 0), (0, 5) பொருந்தும். இடையிலும் எண்ணற்ற சோடிகள் பொருந்தும். யாவற்றையும் குறித்தால் ஒரு வில் தோன்றும். ஆனால் அது முழு வட்டமன்று. நேரெண்களை மாத்திரம் கொண்டால் வட்டத்தின் காற்பங்கே கிடைக்கும். (−3, 4), (−3, −4), (3, −4) ஆகியவற்றையும் ஏற்றுக்கொண்டபின்னரே வட்டம் மூடும்.

விந்தை யாதெனில், தெக்காட்டு மறைவிடைகளைப் பொய்விடைகள் என்றே அழைத்தார். நாம் இன்று வரையும் இரண்டு செங்குத்து அச்சுக்களும் நான்கு கால்வட்டங்களும் கொண்ட படம் அவர் நூலில் இல்லை. ஒரு கோட்டை அடியாக வைத்து, தமக்கு வசதியான கோணத்தில் மற்றைக் கோடுகளை வரைந்தார். பிரமகுப்தர் ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் விதி வகுத்த எண்ணும், பாஸ்கராசாரியர் திசையாகக் கண்ட எண்ணும் அவர் தளத்துள் இன்னும் முழு உரிமையோடு குடிபுகவில்லை.

பின் வந்தோர்

தெக்காட்டின் நூல் கடினமானது. லைடன் பேராசிரியராகிய வான் சுகூட்டன் 1649 ஆம் ஆண்டில் அதனை இலத்தீனில் மொழிபெயர்த்து உரையும் எழுதினார். விரித்து எழுதிய மறுபதிப்பு 1659 முதல் வெளிவந்தது. தெக்காட்டோ 1650 ஆம் ஆண்டு பெப்ரவரியில் சுவீடன் நாட்டில் இறந்துவிட்டார். அந்த உரையைப் படித்தவர்களுள் ஒருவர் இளைஞராயிருந்த நியூற்றன். அவர் 1704 ஆம் ஆண்டில் ஒளியியல் நூலோடு சேர்த்து வெளியிட்ட கட்டுரையில் முப்படி வளைகோடுகளை 72 இனங்களாக வகுத்தார். அங்கே இரண்டு அச்சுக்களும் உண்டு; மறைத் தூரங்களும் தயக்கமின்றி உண்டு. ஆள்கூறு என்ற பொருள்தரும் இலத்தீன் சொல்லைக் கணிதத்தில் வழங்கவிட்டவர் செர்மானியராகிய லைப்னிற்சு, ஆண்டு 1692. 1748 இல் ஒயிலர் எழுதிய நூல் இவற்றையெல்லாம் ஒழுங்குபடுத்தியது.

அதன் பின்னர் தளம் கணிதக்காரரின் அறையை விட்டு வெளியேறிற்று. 1786 ஆம் ஆண்டில் வில்லியம் பிளேபெயர் என்னும் சுகொத்துலாந்தவர், ஆண்டுகளைக் கிடையிலும் பணத்தை நிலையிலும் வைத்து, இங்கிலாந்தின் ஏற்றுமதி இறக்குமதியைக் கோடுகளாக வரைந்து நூலாக்கினார். இன்று பத்திரிகைகளில் விலைவாசி ஏறுவதைக் காட்டும் படங்கள் யாவும் அவற்றின் பேரப்பிள்ளைகள். மறையெண்ணின் வர்க்கமூலத்துக்குக் கற்பனை என்று பெயரிட்டவர் தெக்காட்டு. அக்கற்பனை எண்ணுக்கும் 1797 இல் வெசல் என்பவரும் 1806 இல் ஆர்கண் என்பவரும் தளத்திலேயே ஓர் இருக்கை அளித்தனர். அயர்லாந்தவராகிய அமில்ரன் 1837 இல் வெளியிட்ட கட்டுரையில், சிக்கலெண் என்பது இரண்டு எண்களின் வரிசைப்பட்ட சோடியே என்று நிறுவினார். பொய் எனப்பட்டதும் கற்பனை எனப்பட்டதும் ஈற்றில் ஒரே தாளில் புள்ளிகளாக வந்து அமர்ந்தன.

உற்பத்தியை மாற்றினால்

தொடக்கத்திற் கேட்ட வினாவுக்குத் திரும்புவோம். இத்தளம் யாருடையது? கிரேக்கர் இடத்துக்கு எண் தந்தனர். பாரதர் எண்ணுக்குப் பூச்சியமும் கடனும் திசையும் தந்தனர். அரேபியரும் பாரசீகரும் அட்சரகணிதத்தை வளர்த்துக் கைமாற்றினர். பிரெஞ்சுக்காரர் சமன்பாட்டை வளைகோடாகக் கண்டனர். ஒல்லாந்தர் உரை எழுதினர். ஆங்கிலேயர் நான்கு கால்வட்டங்களையும் திறந்துவிட்டனர். பாஸ்கராசாரியரின் திசைக் கருத்து நியூற்றனிடம் போய்ச் சேர்ந்தது என்று நாம் கூறவில்லை. அதற்குச் சான்று இல்லை. ஒரே உண்மையை இரண்டு இடங்களில் இரண்டு நேர்மையாளர் தத்தம் வழியே கண்டனர் என்று கொள்வதே முறை. ஆனால் எமது பத்து இலக்கங்களும் பூச்சியமும் பகுதாது வழியாக ஐரோப்பா சென்றமைக்குச் சான்று உண்டு. உண்டென்பதை உண்டென்றும் இல்லையென்பதை இல்லையென்றும் சொல்வதே வரலாறு.

பீதுருதாலகால மலையை உற்பத்தியாக வைத்த நில அளவையாளர், மறையெண்கள் வேலைக்கு இடைஞ்சல் என்று கருதி, எல்லா இடங்களின் இரண்டு எண்களோடும் 200 கிலோமீற்றரைக் கூட்டிவிட்டனர். அதன்படி யாழ்ப்பாணம் ஏறக்குறைய (116, 495) ஆயிற்று. காலி (139, 93) ஆயிற்று. 1999 ஆம் ஆண்டின் புதிய முறையில் 200 இற்குப் பதிலாக 500 கூட்டப்படுகின்றது. எண்கள் இருமுறை மாறின. யாழ்ப்பாணம் ஓர் அங்குலமேனும் நகரவில்லை. காலிக்கும் யாழ்ப்பாணத்துக்கும் இடையிலுள்ள தூரமும் குறையவில்லை.

அறிவின் வரலாறும் இத்தகையதே. ஒருவர் இலண்டனை உற்பத்தியாக வைத்து அதனை எழுதலாம். மற்றொருவர் உச்சயினியை உற்பத்தியாக வைத்து எழுதலாம். எந்த உற்பத்தியிலிருந்து அளந்தாலும் புள்ளி நின்ற இடத்திலேயே நிற்கும். தம் வாசலில் உற்பத்தியை வைப்பது குற்றமன்று. தம் வாசலுக்கு வசதியாகப் புள்ளியை நகர்த்துவதே குற்றம். மேனாட்டு நூல்கள் பாஸ்கராசாரியரின் பெயரை விடுவதும், எமது மேடைகள் தெக்காட்டின் பெயரை விடுவதும் இந்த ஒரே குற்றத்தின் இரு கால்வட்டங்கள்.

வாலிப அன்பர்களே, எமது சங்கத்தில் வடமொழி அறிந்த பெரியோர் உள்ளனர். கணிதம் பயிலும் மாணவர் உள்ளனர். பெரியோருக்கு லீலாவதியின் சுலோகம் விளங்கும். கணக்கு முழுதும் விளங்காதிருக்கலாம். மாணவருக்குக் கணக்கு விளங்கும், சுலோகம் விளங்காது. இருசாராரும் வாரத்தில் ஒரு மாலை ஒன்றாக அமர்ந்து, ஒருவர் சுலோகத்தைச் சொல்ல, மற்றவர் வரைபுத் தாளிற் புள்ளியை இட்டால், வீண் பெருமையும் வீண் தாழ்மையும் ஒருங்கே அகலும். மேலே சொன்ன 9, 10, 17 என்ற முக்கோணமே முதற் பாடமாகட்டும். ஓர் எண்ணால் எந்தப் புள்ளியும் தளத்தில் நில்லாது. முன்னோர் தந்த எண் ஒன்று. நாம் தேடிக் கற்கவேண்டிய எண் மற்றொன்று. இரண்டையும் அதனதன் வரிசையில் வைத்து எமது இடத்தைக் குறிப்போமாக.